காவலும் கண்ணும்: தொடக்ககால இணையக் கமராக்கள் பற்றிய ஒரு திறனாய்வு

காவலின் இலக்கணம்

மக்கள் ஊராகக் குழுமி வாழத் தொடங்கிய நாள்முதலாகக் காவல் என்பது ஒரு தொழிலாக மட்டுமன்றி ஓர் அறமாகவும் மதிக்கப்பட்டு வந்துள்ளது. தினைப்புனங் காத்த மகளிர் முதலாக நகர் காத்த மறவர் ஈறாகப் பழந்தமிழ் இலக்கியங்கள் காட்டும் காவலர் பலராவர். அவருள் மதுரைக்காஞ்சியில் இடம்பெறும் ஊர்காப்பாளர் தனித்து நோக்கத்தக்கவர். மதுரை மாநகரின் நள்ளிரவை வருணிக்குமிடத்து மாங்குடி மருதனார் முதலிற் கள்வரைக் காட்டுகின்றார். பின்னர் அக்கள்வரைத் தேடித் திரியும் காவலரைக் காட்டுகின்றார். அக்காவலர்க்கு அவர் கூறும் இயல்புகளைத் தொகுத்து நோக்கின் நான்கு புலனாகும். கண் உறங்காமை ஒன்று. நெஞ்சு அஞ்சாமை இரண்டு. அறிந்தோர் மெச்சும் ஆற்றல் மூன்று. கற்ற நூல்நெறியினின்று வழுவாத நுட்பமான பயிற்சி நான்கு. மழை பெய்து தெருவெல்லாம் நீர் பெருகியோடும் நடுச்சாமத்திலும் அவர் சோர்வின்றி உலாவினர் என்கின்றார் புலவர்.

இந்நான்கனுள் உறங்காமை ஒன்றே கண்ணைச் சார்ந்தது. ஏனைய மூன்றும் கண்ணுக்குப் பின்னுள்ள மனத்தையும் பயிற்சியையும் சார்ந்தவை. இவ்வேறுபாடு சிறிதெனத் தோன்றினும் ஈண்டு எடுத்துக்கொண்ட பொருளுக்கு அடிப்படையானது. இருபதாம் நூற்றாண்டின் இறுதியிலே தோன்றி, இன்று கடைதொறும் வீடுதொறும் பரவிவரும் இணையக் கமரா, உறங்காமை என்னும் ஓரியல்பை மட்டும் எடுத்துக்கொண்டு ஏனைய மூன்றையும் கைவிட்ட காவற்பொறியாகும். அக்கைவிடுதலால் விளைந்த கேடு யாது, அக்கேட்டை விளக்குதற்கு அறிஞர் வழக்கமாகக் கையாளும் உவமை எத்துணைப் பொருத்தமுடையது, வட்டகொடை போன்ற மலைநாட்டுத் தோட்டப்புறங்களில் வாழ்வோர்க்கு இதனாற் பெறப்படும் படிப்பினை யாது என்னும் மூன்று வினாக்களும் முறையே ஆராயத்தக்கன.

கோப்பிப் பாத்திரமும் கமராவும்

மலைநாட்டுத் தோட்டங்களின் வரலாறு தேயிலைக்கு முன்னர்க் கோப்பியிலே தொடங்கியது போல, இணையக் கமராவின் வரலாறும் கோப்பியிலேயே தொடங்குகின்றது. இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகக் கணினி ஆய்வுகூடத்தில் ஆராய்ச்சியாளர் பலர் ஒரே கோப்பிப் பாத்திரத்தைப் பகிர்ந்து பயன்படுத்தினர். கட்டடத்தின் வேறு பகுதிகளில் இருந்தோர் நெடுந்தூரம் நடந்து வந்து வெறும் பாத்திரத்தைக் கண்டு ஏமாந்து திரும்புதல் வழக்கமாயிற்று. அதனைத் தவிர்க்கும் பொருட்டு 1991 இல் அப்பாத்திரத்தை நோக்கி ஒரு கமரா நிறுத்தப்பட்டது; அதன் படத்தை ஆய்வுகூடத்தார் தத்தம் கணினியிற் கண்டனர். 1993 நவம்பரில் அப்படம் உலகளாவிய வலையிலும் இணைக்கப்பட்டது. பக்கத்துக்கு 128 புள்ளிகளே கொண்ட, நிறமற்ற, அச்சிறு சதுரப் படத்தை உலகின் பல பாகங்களிலிருந்தும் மக்கள் விரும்பிப் பார்த்தனர். 2001 ஓகஸ்ட் 22 ஆம் நாள் அக்கமரா நிறுத்தப்பட்டது.

இந்நிகழ்ச்சியைப் பலரும் ஒரு வேடிக்கையாகவே நினைவுகூர்வர். ஆயினும் இதனுள் கருதற்குரிய உண்மை ஒன்று உண்டு. அக்கமராவுக்குக் காவல் தேவைப்படவில்லை. அது நோக்கியது ஒரு பாத்திரத்தையே அன்றி ஒரு மனிதரை அன்று. அதன் படத்தை எவர் பார்ப்பினும் எவர்க்கும் இழிவோ இழப்போ நேர்தற்கு இடமில்லை. யாவரும் பார்க்கலாம் என்பதே அதன் சிறப்பாகவும் கருதப்பட்டது. பின்வந்த கருவிகள் வீட்டையும் குழந்தையையும் நோக்கி நிறுத்தப்பட்டபோதும் இந்தக் கவலையற்ற இயல்பே அவற்றின் அமைப்பிலும் தொடர்ந்தது. தொடக்ககால இணையக் கமராக்களின் குறைகள் யாவற்றுக்கும் வேர் இதுவே எனலாம்.

1996 இல் சுவீடன் நாட்டு லுண்ட் நகரத்து அக்சிஸ் நிறுவனம் நெட்ஐ 200 என்னும் கமராவை விற்பனைக்குக் கொணர்ந்தது. அதற்கு முன்னர்க் கமராவின் படத்தை வலைக்கு அனுப்பத் தனியே ஒரு கணினி வேண்டியிருந்தது. இக்கமராவோ தன்னுள்ளேயே ஒரு சிறு கணினியைக் கொண்டிருந்தமையின் நேரே வலையில் இணையும் ஆற்றல் பெற்றது. தொழில்நுட்ப நோக்கில் இது பெரிய முன்னேற்றம். ஆனால் அன்று முதல் கமரா என்பது வெறுங் கண்ணாக இருக்கவில்லை. முகவரியால் அழைக்கப்படுவதும், ஆணைக்குப் பணிவதும், பிற கணினிகளோடு பேசுவதுமான முழுக் கணினியாக அது மாறிவிட்டது. வாங்கியவர் தாம் ஒரு கண்ணை வாங்கியதாகவே எண்ணினர். தம் வீட்டுச் சுவரிலே பூட்டற்ற ஒரு கணினியைத் தொங்கவிட்டிருக்கின்றோம் என்பதனை அவருக்கு உணர்த்துவார் இலர்.

பூட்டப்படாத கதவு

இக்கருவிகளிற் காணப்பட்ட குறைகளைப் பொதுவாக நான்கு வகையில் அடக்கலாம்.

முதலாவது, தொழிற்சாலையிலேயே இடப்பட்ட பொதுக் கடவுச்சொல். ஒரே வகைக் கமராக்கள் அனைத்திற்கும் ஒரே பெயரும் ஒரே சொல்லும் வழங்கப்பட்டன. அவை கையேட்டிலும் அச்சாகியிருந்தன. வாங்கியவர் அதனை மாற்றினாலன்றி, ஓரூரில் விற்கப்பட்ட பூட்டுகள் எல்லாவற்றுக்கும் ஒரே திறவுகோல் பொருந்தியது போன்ற நிலையே நிலவியது. இரண்டாவது, வீட்டின் இணைய வாயிலாகிய ரவுட்டரின் கதவைக் கமரா தானாகவே திறந்துகொள்ளும் ஏற்பாடு. தொலைவிலிருந்து பார்க்கும் வசதிக்காகவே இது செய்யப்பட்டது. எனினும் உரிமையாளர்க்குத் திறந்த கதவு அயலார்க்கும் திறந்தே கிடந்தது. மூன்றாவது, கடவுச்சொல்லும் படமும் மறைகுறியாக்கம் இன்றி வெளிப்படையாகவே வலையிற் செல்லுதல். உறையிடாத கடிதம் போல இடைவழியில் நிற்போர் எவரும் அதனைப் படிக்கலாம். நான்காவது, கருவியுட் பதிந்த ஆணைத்தொகுதியிற் பிழை கண்டுபிடிக்கப்பட்டாலும் அதனைத் திருத்தி வழங்குவார் இன்மை. விற்பனையோடு தம் கடமை முடிந்ததென ஆக்கியோர் பலர் கருதினர்.

இக்குறைகள் வெறும் ஊகம் அல்ல என்பதனை அடுத்தடுத்து நிகழ்ந்தவை நிறுவின. 2005 ஆம் ஆண்டின் தொடக்கத்தில், குறித்த சில கமராக்களின் வலை முகவரியிற் பொதுவாக அமையும் சொற்றொடரைக் கூகிள் தேடுபொறியில் இட்டவளவிலே, காவலின்றிக் கிடந்த எண்ணற்ற கமராக்களின் படங்கள் வெளிப்பட்டன. அவ்வாறு கண்டோர் எவரும் கதவை உடைக்கவில்லை, தேடினர், கண்டனர். அவ்வளவே.

2012 சனவரியில் ட்ரெண்ட்நெட் என்னும் அமெரிக்க நிறுவனத்தின் கமராக்களிற் பெரும்பிழை ஒன்று வெளியாயிற்று. உரிமையாளர் கடவுச்சொல் இட்டிருந்தபோதும், முகவரி அறிந்த எவரும் அச்சொல் இன்றியே படத்தைப் பார்க்க முடிந்தது. 2010 ஏப்பிரல் முதலே இப்பிழை இருந்து வந்தது. ஏறத்தாழ 700 கமராக்களின் நேரடிக் காட்சிகள் வலையில் வெளியிடப்பட்டன. தொட்டிலில் உறங்கும் குழந்தைகளும், விளையாடும் சிறுவரும், தம் வீட்டினுள் நடமாடும் பெரியோரும் அவற்றிற் காணப்பட்டனர். பாதுகாப்பானவை என விளம்பரஞ் செய்யப்பட்டு விற்கப்பட்ட கருவிகள் அவை என்பது குறிப்பிடத்தக்கது. ஐக்கிய அமெரிக்காவின் கூட்டாட்சி வணிக ஆணைக்குழு 2013 செப்டெம்பரில் இந்நிறுவனத்தோடு ஓர் உடன்பாட்டுக்கு வந்து, இருபது ஆண்டுகளுக்கு ஈராண்டுக்கு ஒருமுறை அயலவர் ஒருவரால் பாதுகாப்புச் சோதனை செய்விக்க வேண்டுமெனப் பணித்தது. வலையில் இணையும் அன்றாடப் பொருள்கள் தொடர்பில் அவ்வாணைக்குழு மேற்கொண்ட முதல் நடவடிக்கை இதுவாகும்.

2014 நவம்பரில், பொதுக் கடவுச்சொல் மாற்றப்படாத பல்லாயிரக் கணக்கான கமராக்களின் நேரடிக் காட்சிகளை நாடுவாரியாக ஒழுங்குசெய்து காட்டும் ஓர் இடம் வலையிலே இயங்குவது தெரியவந்தது. பிரித்தானியத் தகவல் ஆணையாளர் அலுவலகம் மக்களை எச்சரித்தது. பாதுகாப்பின் இன்றியமையாமையை உணர்த்தவே அவ்வாறு செய்ததாக அதனை நடாத்தியோர் கூறினர். திறந்த கதவைச் சுட்டிக்காட்டுவோன் செய்யவேண்டுவது வீட்டாரை எழுப்புதலே. ஊரைக் கூட்டி உள்ளே பார்க்கவிடுதல் அன்று.

இவற்றினும் வியக்கத்தக்கது 2016 இல் நிகழ்ந்தது. மிராய் என்னும் தீநிரல், அறுபதுக்கு மேற்பட்ட பொதுப் பெயர்களையும் கடவுச்சொற்களையும் மாறிமாறி இட்டுப் பார்த்தே கமராக்களையும் பதிவுக் கருவிகளையும் ரவுட்டர்களையும் கைப்பற்றியது. உச்சநிலையில் ஏறத்தாழ ஆறு இலட்சம் கருவிகள் அதன் பிடியில் இருந்தன. அவ்வாறு கைப்பற்றப்பட்ட கருவிகள் பல ஒருங்கே ஏவப்பட்டு, 2016 ஒக்டோபர் 21 ஆம் நாள், இணைய முகவரிகளை வழிகாட்டும் டைன் என்னும் நிறுவனத்தைத் தாக்கின. அன்று அமெரிக்காவிற் பல மணி நேரம் டுவிற்றர், நெற்பிளிக்ஸ் முதலிய பெருந்தளங்கள் பலர்க்கு எட்டாதொழிந்தன. சியோங்மாய் என்னும் சீன நிறுவனம் தன் உறுப்புகள் கொண்ட கமராக்கள் சிலவற்றை அமெரிக்கச் சந்தையினின்று திரும்பப் பெறுவதாக அறிவித்தது. இத்தீநிரலை ஆக்கியோர் இளைஞர் மூவர் என்பது 2017 டிசம்பரில் அவர்கள் குற்றத்தை ஒப்புக்கொண்டபோது உறுதியாயிற்று. இந்நிகழ்ச்சியிற் கமராக்களின் உரிமையாளர் பெரும்பாலோர் யாதொரு குறையும் உணர்ந்திலர். அவர்தம் கமரா வழக்கம்போலவே படங் காட்டிக்கொண்டிருந்தது. தம் வாயிற்காவலன் இரவிலே பிறர் வீட்டைத் தாக்கச் சென்று மீண்டதனை அறியாத செல்வனைப் போன்றது அவர் நிலை.

தொலைத்திரை என்னும் உவமை

கமரா பற்றிப் பேசுவோரும் எழுதுவோரும் எடுத்தாளும் உவமை பெரும்பாலும் ஒன்றே. ஜோர்ஜ் ஓர்வெல் 1949 இல் வெளியிட்ட நாவலில் வரும் தொலைத்திரையே அது. காட்சியைக் காட்டுவதோடு எதிரே இருப்போரின் காட்சியைக் கவர்வதுமான அத்திரை, கொடுங்கோல் அரசொன்றின் கண்ணாக அந்நாவலில் அமைகின்றது. அதற்கும் முன்னர், பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியிலே ஆங்கில அறிஞர் ஜெரமி பெந்தாம், நடுவிலிருந்து ஒருவனே அனைவரையும் பார்க்கக்கூடிய வட்டச் சிறைச்சாலை ஒன்றின் திட்டத்தை வகுத்தார். இவ்விரண்டுமே கண்காணிப்புப் பற்றிய சிந்தனைக்கு அளவுகோல்களாகக் கொள்ளப்படுகின்றன. அரசுகள் கமராக்களைக் கொண்டு மக்களைப் பின்தொடரும் இடங்களில் அவ்வளவுகோல்கள் பொருந்தும் என்பதில் ஐயமில்லை.

ஆயினும் மேலே விரித்த நிகழ்ச்சிகளை இவ்வளவுகோல்கொண்டு அளக்கப் புகின் அவை அதனுள் அடங்கா. ஓர்வெலின் தொலைத்திரைக்குப் பின்னால் ஓர் ஆட்சி இருக்கின்றது; அவ்வாட்சிக்கு ஒரு நோக்கம் இருக்கின்றது; பார்ப்பவன் யாவன் என்பது பார்க்கப்படுவோர்க்கும் தெரியும். 2012 இல் தொட்டிற் குழந்தைகளின் படத்தை வெளிவிட்ட கமராவுக்குப் பின்னால் அத்தகைய ஆட்சி ஏதும் இல்லை. ஆக்கியோன் கவலையீனம், விற்போன் அவசரம், வாங்கியோன் அறியாமை, வழிப்போக்கனின் தீய ஆர்வம் ஆகிய நான்கும் தனித்தனியே சிறியவை, ஒன்றையொன்று அறியாதவை. அவை தற்செயலாகக் கூடிய இடத்திலே கேடு விளைந்தது. கொடுங்கோலனை எதிர்த்துப் போராடலாம். உரியவர் எவரும் இல்லாத கண்ணை எதிர்த்து எவ்வாறு போராடுவது? தொலைத்திரை உவமை இவ்வினாவை எழுப்ப உதவாது. அதனினும் மேலாக, கேட்டை எப்போதும் அரண்மனையிலே தேடுமாறு பழக்கி, அது தன் வீட்டு முகட்டிலே தொங்குவதனைக் காணாதவாறு அவ்வுவமை செய்துவிடுகின்றது.

பெந்தாமின் திட்டத்திலும் பலர் மறந்துவிடும் கூறு ஒன்றுண்டு. சிறையைப் பார்ப்பவனையும் பார்ப்பார் வேண்டும் என்பதனை அவர் வற்புறுத்தினார். பொதுமக்கள் உள்ளே வந்து சிறைமேலாளனின் ஒழுக்கத்தை நோக்குதற்கு வாயில் திறந்திருக்கவேண்டும் எனக் கருதினார். அவர் திட்டத்தை வெறுப்போரும் இக்கூற்றின் நேர்மையை மறுத்தல் இயலாது. தொடக்ககால இணையக் கமராக்களில் இவ்வேற்பாடு தலைகீழாயிற்று. பொதுமக்களுக்கு வாயில் திறந்தே இருந்தது; ஆனால் அவர்கள் அதன் வழியே கண்டது மேலாளனை அன்று, அறையினுள் இருந்தோரை.

கண்காணியும் கமராவும்

இவ்வாராய்ச்சியை மலைநாட்டுப் புலத்தில் வைத்து நோக்குதல் பயனுடையது. பார்வையும் அதிகாரமும் ஒன்றாகப் பிணைந்த வாழ்க்கையை நூறாண்டுகளுக்கு மேலாக நேரில் அறிந்தோர் தோட்டத் தொழிலாளர் ஆதலின் என்க. மலைநாட்டுப் புகையிரதப் பாதையிலே தலவாக்கலைக்கும் கிரேட் வெஸ்டேர்ணுக்கும் இடையில் அமைந்தது வட்டகொடை. அதனை அடுத்த மடக்கொம்பரைத் தோட்டத்தில் 1914 இல் பிறந்தவரே மலையக இலக்கிய முன்னோடியாகிய சி. வி. வேலுப்பிள்ளை. 1947 இல் தலவாக்கலைத் தொகுதியின் பிரதிநிதியாகப் பாராளுமன்றஞ் சென்ற அவர், தோட்ட மக்களின் நாட்டார் பாடல்களைத் தேடித் தொகுத்த பணியாலும் நினைக்கப்படுபவர். அத்தொகுப்பு அவர் மறைவுக்குப் பின்னர் 1987 இல் நூலாக வெளிவந்தது.

தோட்டத்து நாள்முறை முழுவதும் பார்வையாலேயே அளவிடப்பட்டது. விடியுமுன் பெரட்டுக்களத்தில் ஆட்கள் எண்ணப்பட்டனர். மலையில் நிரை பிடித்துக் கொழுந்தெடுப்போர்க்குப் பின்னாற் கங்காணி நின்றார். மடுவத்திலே தராசின் முன் கணக்கப்பிள்ளை நின்றார். பேர் விழுந்ததா, அரைப்பேரா என்பது அப்பார்வையின் முடிவிலே தங்கியது. கங்காணி என்னுஞ் சொல்லே கண்காணி என்பதன் திரிபாகும். தொழிலாளரை ஆளும் பதவிக்குக் கண்ணாற் காண்பவன் என்பதே பெயராயிற்று. அக்கண் காத்தது வேலையை. வேலை செய்தோரைக் காத்தல் அதன் முதற்கடன் ஆகவில்லை. பணி முடிந்து லயத்துக்குத் திரும்பினும் பார்வையினின்று விலகி இருத்தற்கு இடம் அரிது. ஒரே கூரையின் கீழ்ச் சுவரோடு சுவராக அமைந்த காம்பிராக்களில் ஒரு வீட்டுப் பேச்சு அடுத்த வீட்டுக்கும் கேட்கும்.

எனினும் அக்கண்காணிப்புக்கும் இணையக் கமராவின் கண்காணிப்புக்கும் இடையே அடிப்படையான வேறுபாடு ஒன்றுண்டு. கங்காணிக்கு முகம் உண்டு. அவர் நிற்கும் இடம் தெரியும். அவர் போய்விட்டார் என்பதும் தெரியும். அவர் கொடுமை செய்தால் அதனை ஏசிப் பாடலாம். தோட்டத்து நாட்டார் பாடல்களிற் கங்காணியும் கணக்கப்பிள்ளையும் துரையும் பழிப்புக்கும் பகடிக்கும் ஆளாவது காணலாம். அதிகாரத்தின் முன் வாய்திறக்க இயலாதவர், மலையிலே கூடிப் பாடித் தம் தீர்ப்பை வழங்கினர். அப்பாடல்கள் வெறும் பொழுதுபோக்கு அல்ல. பார்ப்பவனைத் திரும்பிப் பார்த்த பார்வை அவை. இணையக் கமராவின் வழியே எங்கோ ஓரிடத்திலிருந்து பார்ப்பவனை அவ்வாறு திரும்பிப் பார்த்தல் இயலாது. அவன் வந்ததும் தெரியாது, போனதும் தெரியாது. எடுத்துச் சென்ற படம் எத்தனை இடங்களிற் பரவும் என்பதும் தெரியாது.

இதனால் தோட்டப்புறத்துக்குக் கமராவே ஆகாதென முடிவுகட்டுதல் பொருந்தாது. கடைக்காரர்க்குத் திருட்டுப் பற்றிய அச்சம் உண்டு. கோயில் அறங்காவலர்க்கு உண்டியல் பற்றிய கவலை உண்டு. கொழும்பிலோ மத்திய கிழக்கு நாடுகளிலோ உழைக்கும் தாய் ஒருத்தி, பாட்டியின் பொறுப்பில் விட்டுவந்த பிள்ளையை ஓய்வு கிடைக்கும் வேளையிற் காண விரும்புவது இயற்கை. விலை குறைந்த கமரா ஒன்று அவளுக்குப் பெரும் ஆறுதலாகும். அந்த ஆறுதலை ஏளனஞ் செய்யும் திறனாய்வு மனிதநேயமற்றதாகும். ஆனால் அக்கமராவின் கடவுச்சொல் தொழிற்சாலை இட்டபடியே இருக்குமாயின், தாய் காணும் பிள்ளையை அயலானும் காண்பான். அவளுடைய அன்பே அவன் நுழையும் வழியாகின்றது.

லயத்துக்கே உரிய மற்றொரு சிக்கலும் உண்டு. தனித்தனி வளவுகள் கொண்ட வீடுகளில் ஒருவர் பொருத்தும் கமரா பெரும்பாலும் அவர் முற்றத்தையே காட்டும். லயத்திலோ ஒரு காம்பிராவின் வாசலிற் பொருத்திய கமரா, அடுத்தடுத்த வாசல்களையும், பொதுப் பீலியையும், அங்கு நீரெடுக்கவும் குளிக்கவும் வரும் பெண்களையும் சேர்த்தே காட்டும். ஒருவர் பணங்கொடுத்து வாங்கிய கண், பத்துக் குடும்பங்களின் மானத்தைச் சுமக்கின்றது. எனவே அங்கே கமரா பொருத்துதல் ஒருவரின் சொந்த விருப்பமாக மட்டும் இருத்தல் இயலாது. லயத்தார் கூடிப் பேசி உடன்பட வேண்டிய பொது அலுவல் அது. பிள்ளைமடுவம், மருந்தகம் முதலிய இடங்களுக்கு இக்கருத்து இன்னும் வலிமையாகப் பொருந்தும். 2025 பெப்ரவரியில் இந்தியாவின் ராஜ்கோட் நகரத்து மகப்பேற்று மருத்துவமனை ஒன்றின் கமராக்களினின்று கவரப்பட்ட பெண்களின் காட்சிகள் யூடியூப்பிலும் டெலிகிராமிலும் பரவியதும், அது தொடர்பாகப் பலர் கைதானதும், தொடக்ககாலக் குறைகள் கடந்தகாலத்தோடு மறையவில்லை என்பதற்குச் சான்றாகும். அங்கே நோயாளரைக் காக்கவெனப் பொருத்திய கண்ணே அவரைக் காட்டிக்கொடுத்தது.

பொறுப்பேற்கும் கை

பார்ப்பவன் தன் பார்வைக்குப் பொறுப்பேற்றல் வேண்டும் என்னும் கருத்து தமிழ் மரபுக்குப் புதியதன்று. சிலப்பதிகாரத்து மதுரைக் காண்டத்தில், மதுராபதித் தெய்வம் கண்ணகிக்குப் பாண்டியர் பெருமையை எடுத்துரைக்குமிடத்துக் கீரந்தையின் மனைவி பற்றிய செய்தி வருகின்றது. அரசன் காவலே தனக்கு வேலியெனக் கணவன் கூறிச்சென்ற வீட்டின் கதவைப் பாண்டியன் ஒருநாள் தட்டினான். காவல் பொருட்டே தட்டினும், அத்தட்டல் குற்றமற்ற பெண்ணொருத்திக்கு இடராயிற்று என்பதனை உணர்ந்து, தட்டிய தன் கையையே வெட்டிக்கொண்டான். பொற்கைப் பாண்டியன் என்னும் பெயரால் இக்கதை மக்களிடையே பின்னும் வளர்ந்து வழங்குகின்றது.

இக்கதையை அரச நீதியின் மிகைப்படுத்திய புகழ்ச்சியென ஒதுக்குவாரும் உளர். அவர் கூற்றில் ஓரளவு உண்மை இருத்தல் கூடும். எனினும் கதையின் நுட்பம் தண்டனையின் கடுமையிலே இல்லை. காவலன் நல்லெண்ணம் உடையவன் என்பது அவன் செய்த இடையூற்றுக்கு விடையாகாது என்பதே அதன் நுட்பம். தீங்கு நேர்ந்தவிடத்து, இது என் கை என்று நீட்டுவார் ஒருவர் வேண்டும். ட்ரெண்ட்நெட் முதலிய நிகழ்ச்சிகளில் நெடுங்காலம் காணப்படாதது இதுவே. ஆக்கியோன் வாங்கியோனைச் சுட்டினான், கடவுச்சொல்லை ஏன் மாற்றவில்லை என்று. வாங்கியோன் பொருத்தியோனைச் சுட்டினான். பொருத்தியோன் கள்வனைச் சுட்டினான். சுட்டும் விரல்கள் பல இருந்தன. நீட்டிய கை ஒன்றும் இல்லை.

சட்டங்கள் இக்குறையைக் காலந்தாழ்த்தியே நிரப்பத் தொடங்கின. கலிபோர்னியா மாநிலத்தில் 2020 சனவரி முதலாம் நாள் நடைமுறைக்கு வந்த சட்டம், வலையில் இணையும் கருவி ஒவ்வொன்றும் தனக்கே உரிய கடவுச்சொல்லைக் கொண்டிருக்கவேண்டும், அல்லது முதற்பயன்பாட்டிலேயே புதியதை அமைக்குமாறு உரிமையாளரை வற்புறுத்தவேண்டும் என்றது. பிரித்தானியாவில் 2024 ஏப்பிரல் 29 முதல் பொதுக் கடவுச்சொற்கள் தடைசெய்யப்பட்டன. நெட்ஐ 200 வெளிவந்து இருபத்தெட்டு ஆண்டுகள் சென்ற பின்னரே இது நிகழ்ந்தது. இலங்கையில் 2007 ஆம் ஆண்டின் 24 ஆம் இலக்கக் கணினிக் குற்றங்கள் சட்டம், உரிமையின்றிப் பிறர் கணினியுட் புகுவோனைத் தண்டிக்கின்றது. தனியாட்களின் தரவுகளைப் பாதுகாக்கவென 2022 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கச் சட்டம் இயற்றப்பட்டது. ஆயினும் ஒருவர் முற்றிலும் தம் வீட்டுத் தேவைக்காகக் கையாளும் தரவுகள் அதன் எல்லைக்குப் புறம்பானவை. ஆகவே லயத்து வாசலிற் பொருத்திய கமரா பற்றிய பொறுப்பு, சட்டத்தைக் காட்டிலும் அதனைப் பொருத்தியவரின் அறிவையும் மனச்சான்றையுமே பெரிதும் சார்ந்துள்ளது.

மதுரைக்காஞ்சியின் ஊர்காப்பாளர்க்குரிய நான்கு இயல்புகளையும் இங்கு மீண்டும் நினைத்தல் தகும். உறங்காமையைக் கருவி தரும். ஏனையவற்றை அதனைப் பொருத்துவோரே தரவேண்டும். கள்வன் வரும் வழியை அறிதல் என்பது இக்காலத்திற் பொதுக் கடவுச்சொல்லை முதல்நாளே மாற்றுதலும், ரவுட்டர் தானாகத் திறக்கும் கதவை மூடுதலும் ஆகும். நூல்நெறி பிழையாமை என்பது ஆக்கியோர் வெளியிடும் திருத்தங்களை உடனுக்குடன் இடுதலும், திருத்தம் வழங்காத நிறுவனத்தின் கருவியை விலை குறைவென்று வாங்காதிருத்தலும் ஆகும். அஞ்சாமைக்கும் இங்கே இடமுண்டு. தன் வாசலையும் பீலியையும் ஒரு கமரா நோக்கி நிற்பதைக் காணும் பெண், அதன் படம் எங்கே செல்கின்றது, எவர் பார்க்கின்றார், எத்தனை நாள் வைத்திருக்கின்றார் என்று அஞ்சாது கேட்கும் உரிமை உடையவள். அது தோட்ட நிருவாகத்தின் கமராவாயினும் கேட்கலாம், அடுத்த காம்பிராக்காரரின் கமராவாயினும் கேட்கலாம். விடை கூற இயலாதவர் அக்கமராவை வேறுபக்கம் திருப்புதலோ கழற்றுதலோ முறையாகும்.

தோட்டப்புறங்களிலிருந்து கல்லூரிகளுக்கும் பல்கலைக்கழகங்களுக்கும் வந்து கணினியியல் கற்கும் இளைஞர்க்கு இதில் ஒரு கடமை உண்டு. விடுமுறைக்கு ஊர் செல்லும்போது, கடையிலும் கோயிலிலும் வீட்டிலும் தொங்கும் கமராக்களின் கடவுச்சொல்லை மாற்றிக்கொடுத்தலும், அவ்வாறு மாற்றுவதன் காரணத்தைத் தாய்மொழியிலே பெரியோர்க்கு விளங்கவைத்தலும் அவராற் செய்யக்கூடிய எளிய பணிகள். கண்காணிப்பின் சுமையைத் தலைமுறை தலைமுறையாகத் தாங்கிய ஒரு சமூகம், தானே விரும்பி வாங்கும் கண்களையேனும் தன் ஆணைக்குள் வைத்திருத்தல் வேண்டும்.